அஞ்சலிப் படத்தில் இருந்த கண்கள்

தம்பி இறந்துபோன செய்தி வந்தபோது என் கையில் ஒரு பொம்மை இருந்தது. அதற்கு ஒரு கண் வைத்து முடித்திருந்தேன், மற்றது பாக்கி. போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, சித்தப்பா சொன்னதை முழுவதும் கேட்டேன். சரிங்க சித்தப்பா என்றேன். போனைப் பலகைமேல் வைத்தேன். அந்த இன்னொரு கண்ணையும் வைத்துவிட்டுத்தான் எழுந்தேன்.

பக்கத்தில் உட்கார்ந்து பொம்மைகளுக்குச் சேலை நிறம் பூசிக்கொண்டிருந்தவள் இதைப் பார்த்துவிட்டாள். விஷயம் தெரிந்த பிறகு, அதிர்ச்சியில் கை தானாக ஓடியிருக்கும் என்று எல்லோரிடமும் எனக்காகப் பரிந்து பேசினாளாம். அதிர்ச்சி என்று எதுவும் எனக்குத் தெரியவில்லை. இரண்டு கண்ணையும் ஒரே மூச்சில் வைக்காவிட்டால் ஒன்று ஒரு பக்கமும் மற்றது வேறு பக்கமுமாகப் பார்க்கும். அந்த நேரத்தில் என் மனதில் இருந்தது அது மட்டும்தான்.

விருத்தாசலம் தொழிற்பேட்டையில் பீங்கான் பொம்மை செய்கிற பட்டறை ஒன்றில் பதினைந்து வருடங்களாக எனக்கு இதுதான் வேலை. கரைத்த களிமண்ணை அச்சில் ஊற்றுவது, காயவைத்துப் பிசிறு சீவுவது, சூளையில் வேகவைப்பது எல்லாம் வேறு ஆட்கள். வெந்து வெள்ளையாக வருகிற பொம்மைக்கு உடல் நிறம், துணி, நகை எல்லாம் பூசிய பிறகு கடைசியாகத் தட்டில் அடுக்கி என்னிடம் அனுப்புவார்கள். புருவம், மேல் இமைக் கோடு, கருவிழி, அதற்குள் ஒரு வெள்ளைப் புள்ளி. அந்தப் புள்ளி விழுகிறவரை பொம்மை எங்கேயும் பார்க்காது. விழுந்ததும் பார்க்கும்.

இந்த வேலையை நெடுநாள் செய்தால் ஒரு பழக்கம் ஒட்டிக்கொள்கிறது. பஸ்ஸில் எதிரே உட்காருகிறவர், ரேஷன் கடை வரிசையில் நிற்கிறவர், யாராக இருந்தாலும் முதலில் முகம் தெரியாது. மேல் இமை எங்கே வளைகிறது, வளைவு மூக்குப் பக்கமா காதுப் பக்கமா, கருவிழியில் எவ்வளவு மறைகிறது, இதுதான் கண்ணில் படும். ஆள் யாரென்பது அப்புறம்தான். அப்படிப் பார்ப்பதால் நான் மனிதர்களை நன்றாகப் பார்க்கிறவள் என்று எனக்குள் ஒரு நினைப்பு இருந்தது.

தம்பி என்னைவிட மூன்று வயது இளையவன். அப்பா போய் வெகுகாலம் ஆயிற்று. என் கல்யாணம் நிலைக்காமல் நான் திரும்பி வந்த பிறகு அம்மா, தம்பி, நான் என்று மூன்று பேர்தான் வீட்டில். அவன் சின்ன யானை ஓட்டினான். அந்தச் சிறிய லோடு வண்டிக்கு எங்கள் பக்கம் அதுதான் பெயர். எங்கள் பட்டறைப் பொம்மைகளையும், பக்கத்துப் பட்டறைகளில் செய்கிற ஃப்யூஸ் கட்டைகளையும் வைக்கோல் வைத்துக் கட்டி, சேத்தியாத்தோப்பு, திட்டக்குடி, சிதம்பரம் என்று கொண்டுபோய் இறக்குவான். அவனுக்குக் கல்யாணம் ஆகவில்லை. பார்த்த இடமெல்லாம் ஏதோ ஒன்றில் தட்டிப்போயிற்று.

அன்றைக்குச் சேத்தியாத்தோப்பில் சரக்கை இறக்கிவிட்டு டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறான். டீ சொல்லியிருக்கிறான். அது வருவதற்குள் பக்கத்தில் இருந்தவர் தோளில் சாய்ந்துவிட்டான். காலை பதினொன்றரை இருக்கும். வண்டி ஓட்டி வந்த அலுப்பில் தூங்குகிறான் என்று நினைத்து அந்த மனிதரும் கொஞ்ச நேரம் அசையாமல் தோளைக் கொடுத்துக்கொண்டு இருந்தாராம். இதை அவரே ஆஸ்பத்திரி வாசலில் நின்று எங்களிடம் சொன்னார். சொல்லும்போது அந்தத் தோளைத் தடவிக்கொண்டே இருந்தார். அவருடைய மேல் இமை தடித்து, கீழே சரிந்திருந்ததைப் பார்த்தேன்.

உள்ளே தம்பியைப் படுக்க வைத்திருந்தார்கள். சித்தப்பா சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதார். நான் பக்கத்தில் போய் நின்றேன். உதட்டைச் சுற்றி ஒரு சாம்பல் நிறம் ஏறியிருந்தது. வெள்ளையில் கறுப்பு ஒரு சொட்டு, நீலம் அரைச் சொட்டு விட்டால் அந்த நிறம் வரும். அதை மனதுக்குள் கலந்துகொண்டே நின்றேன். இமைகள் முழுக்க மூடவில்லை. ஒரு அரிசி அளவுக்கு இடைவெளி இருந்தது. அதற்குள் வெள்ளை மட்டும்தான் தெரிந்தது. நர்ஸம்மா வந்து இரண்டு விரலால் அழுத்திப் பிடித்தார். மாரடைப்பு என்று டாக்டர் எழுதிக் கொடுத்தார். நாலு மணிக்கெல்லாம் வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டோம்.

அம்மா அழுததை இங்கே எழுதப்போவதில்லை. எனக்கு அழுகை வரவில்லை என்பதை மட்டும் எழுதுகிறேன். வந்தவர்கள் கட்டிப்பிடித்து அழும்போது நானும் தலையை அவர்கள் தோளில் வைத்துக்கொண்டேன். முகத்தை மறைக்க அது வசதியாக இருந்தது.

மறுநாள் பகல் எடுப்பதாக முடிவாயிற்று. தெருமுனையில் கட்டுவதற்குக் கண்ணீர் அஞ்சலி ஃபிளெக்ஸ் அடிக்க வேண்டும் என்று சித்தப்பா படம் கேட்டார். அப்போதுதான் விஷயம் தெரிந்தது. தம்பியின் கண் திறந்த படம் எங்களிடம் இல்லை.

அவனுக்குச் சின்ன வயதிலிருந்தே அப்படி. போட்டோ எடுக்கிறார்கள் என்று தெரிந்தால் போதும், சரியாக அந்த நொடியில் கண்ணை மூடிவிடுவான். என் கல்யாண ஆல்பத்தில் எல்லாப் படத்திலும் மூடியிருப்பான். கோயில் திருவிழாவில், சித்தப்பா மகள் சடங்கில், வண்டி வாங்கிய அன்று மாலை போட்டு அதன்முன் நிற்கும்போது, எல்லாவற்றிலும் மூடிய கண்தான். பெண் பார்ப்பதற்காக ஒரு தடவை ஸ்டூடியோவில் எடுத்தோம். மூடாதே மூடாதே என்று போட்டோக்காரர் சொல்லிச் சொல்லி, கடைசியில் திறந்த கண்ணோடு ஒன்று கிடைத்தது. பேயைப் பார்த்தவன்போல விழித்துக்கொண்டிருந்தான். அதைப் பெண் வீட்டுக்கு அனுப்ப வேண்டாம் என்று அன்றைக்கே அம்மா சொல்லிவிட்டாள். ஆதார் அட்டைப் படத்தைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

சித்தப்பா ஒவ்வொருவர் போனையும் வாங்கித் தள்ளித் தள்ளிப் பார்த்தார். கடைசியில் அந்த வண்டிக்கு மாலை போட்ட படத்தையே தேர்ந்தெடுத்தார். அதில் சிரிப்பு நன்றாக இருந்தது. கண்ணை அவர்களே சரிபண்ணிவிடுவார்கள் என்று சொல்லிவிட்டுக் கடைக்கு அனுப்பினார்.

காலையில் ஃபிளெக்ஸ் வந்து தெருமுனையில் ஏறியது. எல்லோரும் நல்லா வந்திருக்குது என்றார்கள். பெண்கள் தெருமுனை வரைதான் போகலாம். தூக்கிக்கொண்டு போகிறபோது நானும் அம்மாவைத் தாங்கிக்கொண்டு அதுவரை போனேன். அங்கே நிமிர்ந்து பார்த்தேன்.

நீல வானம், ஓரத்தில் ரோஜாக்கள், கீழே எரிகிற குத்துவிளக்கு. நடுவில் தம்பி. அவனுடைய சட்டை, அவனுடைய மீசை, அவனுடைய சிரிப்பு. கண் மட்டும் அவனுடையதல்ல. மேல் இமை மூக்குப் பக்கம் வளைந்து, காதுப் பக்கம் நீண்டு இறங்கியது. கருவிழி பெரியதாக இருந்தது. வெளிச்சப் புள்ளி இரண்டு இருந்தது. தம்பிக்கு அப்படி இல்லை. எப்படி இருக்கும் என்று அந்த நேரம் யாராவது கேட்டிருந்தால் என்னால் சொல்லியிருக்க முடியாது. ஆனால் அப்படி இல்லை.

சுற்றிலும் பார்த்தேன். யாருக்கும் எதுவும் உறுத்தியதாகத் தெரியவில்லை. நான் மறுபடி அந்தக் கண்ணையே பார்த்துக்கொண்டு நின்றேன். யாரோ என் கையைப் பிடித்து, போயாச்சு வாம்மா என்றார்கள். திரும்பினால் தெரு காலியாக இருந்தது. பூ மட்டும் கிடந்தது. தம்பியைத் தூக்கிக்கொண்டு திருப்பத்தைத் தாண்டிவிட்டார்கள். கடைசியாக ஒரு தடவை பார்த்திருக்க வேண்டிய நேரத்தில் நான் வேறு யாருடைய கண்ணையோ பார்த்துக்கொண்டிருந்தேன்.

பதினாறாம் நாள் கருமாதி முடிந்தது. அதே படத்தைச் சட்டம் போட்டுச் சித்தப்பா கொண்டுவந்து மாட்டினார். அம்மா சந்தனம் குங்குமம் வைத்தாள். நான் மறுநாளே வேலைக்குப் போய்விட்டேன். இன்னும் நாலு நாள் இருந்துவிட்டு வரலாமே என்று மேற்பார்வை பார்க்கிறவர் சொன்னார். வீட்டில் என்ன செய்வது என்றேன்.

வேலை எப்போதும்போல ஓடியது. மூன்றாம் நாள் சாயங்காலம் மேற்பார்வையாளர் நான் முடித்துவைத்திருந்த தட்டுகளுக்கு முன்னால் வந்து நின்றார். நெடுநேரம் நின்றார். பிறகு என்னைக் கூப்பிட்டு, இதை எட்ட நின்று பாரும்மா என்றார். எட்ட நின்று பார்த்தேன். நாலு தட்டிலும் இருந்த பொம்மைகள் எல்லாம் கீழே பார்த்துக்கொண்டிருந்தன. கருவிழி ஒரு மயிரிழை இறங்கியிருந்தது. ஒவ்வொன்றாகக் கையில் வைத்துப் பார்த்தால் தெரியாது. மொத்தமாகப் பார்த்தால் தரையில் எதையோ தொலைத்துவிட்டு நிற்கிற கூட்டம்போல இருந்தது.

அவர் திட்டவில்லை. துடைச்சிட்டு மறுபடி வையி என்று மட்டும் சொன்னார். பஞ்சில் தின்னரைத் தொட்டு ஒவ்வொரு கண்ணாகத் துடைத்தேன். துடைத்த இடத்தில் கறுப்பும் உடல் நிறமும் கலந்து சாம்பலாக இழுபட்டது. அந்த நிறத்தை நான் எங்கே பார்த்தேன் என்று தெரிந்தது. அப்போதும் எனக்கு ஒன்றும் ஆகவில்லை. துடைத்து முடித்துவிட்டு வீட்டுக்கு வந்தேன்.

அந்த வாரக் கடைசியில் ஃபிளெக்ஸ் கடைக்குப் போனேன். கடலூர் ரோட்டில் மாடியில் இருக்கிறது கடை. நடத்துகிறவர் மங்கலம்பேட்டைக்காரர், என் வயதுதான் இருக்கும். முன்பு சுவரிலும் கடைப் பலகைகளிலும் பெயின்டில் எழுதிக்கொண்டிருந்தவர். அவருடைய அண்ணன்கள் இரண்டு பேரும் துபாயில் இருக்கிறார்கள். இவர் மட்டும் போகாமல் கம்ப்யூட்டர் பழகிக்கொண்டு இங்கேயே இருந்துவிட்டார். எங்கள் பட்டறைக்கு அட்டைப்பெட்டி ஸ்டிக்கர் அடிக்கிறவர் என்பதால் எனக்குப் பழக்கம். தம்பி படத்தைப் பற்றிக் கேட்க வந்தேன் பாய் என்றதும், வேலையை நிறுத்திவிட்டு நாற்காலியைத் துடைத்துப் போட்டார்.

"அந்தக் கண்ணு யாருது பாய்?"

அவர் மவுஸை நகர்த்தி ஒரு ஃபோல்டரைத் திறந்தார். திரை முழுக்கக் கண்கள். ஜோடி ஜோடியாக வெட்டி வைத்திருந்தார். ஆண் கண், பெண் கண், கிழவர்களுடைய சுருங்கிய கண், குழந்தைக் கண். கண்ணாடி போட்டவை தனியாக. நானும் பதினைந்து வருடமாகக் கண் வைக்கிறவள்தான். அத்தனை கண்ணை ஒரே இடத்தில், முகம் இல்லாமல், நான் பார்த்ததில்லை.

சாவு வீட்டிலிருந்து வருகிற படங்களில் பாதி இப்படித்தான் வரும் என்றார். கண் மூடியிருக்கும், இல்லையென்றால் மங்கியிருக்கும், பழைய குரூப் போட்டோவில் விரல்நுனி அளவு இருக்கும். இரண்டு மணி நேரத்தில் வேண்டும் என்பார்கள். என்ன செய்வது. கல்யாண பேனர், பிறந்தநாள் பேனர் என்று வருகிற நல்ல படங்களிலிருந்து வெட்டி வைத்துக்கொள்கிறார். யாரிடமும் கேட்பதில்லை. கேட்டால் கொடுப்பார்களா.

"எப்டி பொருத்தறீங்க?" என்று கேட்டேன்.

"வெளிச்சம் எந்தப் பக்கத்திலேர்ந்து வருதுன்னு பாப்பேங்க்கா. மூக்கு நெழலு எந்தப் பக்கம் வுழுவுதோ அதே பக்கம் வெளிச்சம் இருக்கற கண்ணா எடுப்பேன். தோலு நெறம் சேரணும். அவ்ளோதான். ஆளு யாருன்னுலாம் பாக்க மாட்டேன். பாத்தா வேல ஓடாது."

அது எனக்குப் புரிந்தது. நானும் அப்படித்தான்.

தம்பிக்கு வைத்த கண் எதிலிருந்து எடுத்தது என்று தேடி, அந்தப் பழைய பேனரையும் திறந்து காட்டினார். வெள்ளாற்றுக்கு அந்தப் பக்கத்து ஊரில் நடந்த ஒரு கல்யாணம். பட்டுச் சட்டை போட்ட மாப்பிள்ளை. அந்த முகத்தில் அந்தக் கண் நன்றாகப் பொருந்தி இருந்தது.

"தப்பா எடுத்துக்காதீங்கக்கா. தம்பி கண்ணு எப்டி இருக்கும்னு சொல்லுங்க. இப்பவே மாத்தித் தரேன். நீங்க பக்கத்துல ஒக்காந்து சொன்னா கோடு கோடா இழுத்துடலாம்."

சொல்ல ஆரம்பித்தேன். மேல் இமை, என்று தொடங்கி நின்றுவிட்டேன். வளைவு மூக்குப் பக்கமா காதுப் பக்கமா? தெரியவில்லை. முப்பத்தெட்டு வருடம் எனக்கெதிரே உட்கார்ந்து சோறு தின்றவன். யார் யாருடைய இமையையோ வழியில் போகிறபோதே அளந்து வைத்திருக்கிறேன். அவன் இமையை நான் அளக்கவில்லை. அவன் வீட்டுக்குள் வந்தால் தம்பி வந்தான் என்றுதான் தெரியும். கண் வந்தது, மூக்கு வந்தது என்று தெரியாது. அவர் காத்துக்கொண்டிருந்தார். அப்புறம் வருகிறேன் பாய் என்று எழுந்துவிட்டேன். அவராகவே அந்த வண்டிப் படத்தை, மூடிய கண்ணோடு இருந்தபடியே, ஒரு பெரிய தாளில் அச்சடித்து உருட்டிக் கொடுத்தார்.

வீட்டில் அந்தத் தாளின்மேல் மெல்லிய தாளை வைத்துக் கண் போட்டுப் பார்த்தேன். முதல் கோட்டிலேயே பொம்மைக் கண் வந்துவிட்டது. அடுத்த தாள். மறுபடியும் அதுவே. கையை மாற்றிப் பார்த்தேன், பென்சிலில் போட்டுப் பார்த்தேன். எப்படிப் போட்டாலும் தட்டில் அடுக்குகிற கண்தான் வந்தது. தாள்களைக் கசக்கிப் போட்டுவிட்டுக் குடத்தை எடுத்துக்கொண்டு தண்ணீர் பிடிக்கப் போனேன்.

இறப்புச் சான்றிதழை இறந்த ஊரில்தான் வாங்க வேண்டும் என்றார்கள். அதற்காக ஒரு திங்கட்கிழமை சேத்தியாத்தோப்புக்குப் போனேன். வேலை சீக்கிரம் முடிந்தது. திரும்பும்போது பஸ்ஸில் ஜன்னலோர இடம் கிடைத்தது. இரண்டு நிறுத்தம் தாண்டிக் கூட்டம் ஏறியது. என் சீட்டுக்குப் பக்கத்தில் ஒருவர் தோளில் கைக்குழந்தையோடு கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். குழந்தையைக் கொடுங்க என்று கை நீட்டினேன். எல்லோரும் செய்வதுதான். அவர் குனிந்து குழந்தையை என் மடியில் விட்டார். அப்போது அவர் முகத்தைப் பார்த்தேன்.

மேல் இமை மூக்குப் பக்கம் வளைந்து, காதுப் பக்கம் நீண்டு இறங்கியது. பட்டுச் சட்டை இல்லை, கொஞ்சம் தாடி வைத்திருந்தார், உடம்பு இளைத்திருந்தது. ஆனால் அவர்தான். எங்கள் தெருமுனையில் பத்து நாள் வெயிலில் இருந்த கண். எங்கள் வீட்டுச் சுவரில் சந்தனம் குங்குமத்துக்குக் கீழே இப்போதும் இருக்கிற கண். இமைத்துக்கொண்டிருந்தது. டிக்கெட்டுக்குச் சில்லறை தேடியது. வெளியே ஊர்ப் பெயரைப் படித்தது.

நான் பார்ப்பதை அவர் கவனித்துவிட்டார்.

"எங்கியாச்சும் பாத்திருக்கீங்களாக்கா என்னய?"

"இல்ல. எந் தம்பி மாதிரி இருக்கீங்க."

அவர் சிரித்தார். "தம்பி என்னா பண்றாரு?"

"வண்டி ஓட்டறான்" என்றேன்.

எந்த வண்டி என்று கேட்டார். சின்ன யானை என்றேன். அவருடைய மாமனாரும் அதுதான் வைத்திருக்கிறார் என்றார். மடியில் இருந்த பெண் குழந்தை தலையைத் தூக்கி என்னையே பார்த்தது. அதற்கும் அதே இமை. இன்னும் மெல்லியதாக, மை தீட்டியிருந்ததால் கோடு தெளிவாகத் தெரிந்தது. நான் சொல்லிவிடலாமா என்று யோசித்தேன். என்னவென்று சொல்வது. நீங்கள் ஒரு செத்த ஆளின் படத்தில் இருக்கிறீர்கள் என்று, குழந்தையை என் மடியில் விட்டுவிட்டு நிற்கிற ஒருவரிடம் சொல்கிற வார்த்தை எனக்குத் தெரியவில்லை. பெரியாஸ்பத்திரி நிறுத்தத்தில் குழந்தையை வாங்கிக்கொண்டு இறங்கினார். போயிட்டு வரேன்கா என்று ஜன்னல் வழியாகச் சொன்னார். சரி என்று தலையாட்டினேன்.

வீட்டுக்கு வந்ததும் அம்மாவிடம் சொல்லிவிட்டேன். அடுப்பில் உலை கொதித்துக்கொண்டிருந்தது. சுவரில் இருப்பது தம்பியின் கண் இல்லை, வேறு ஒருவருடையது, அவரை இன்றைக்குப் பஸ்ஸில் பார்த்தேன், அவருக்கு ஒரு பெண் குழந்தை இருக்கிறது என்று ஒன்றன்பின் ஒன்றாகச் சொன்னேன். அம்மா அரிசியைக் களைந்துகொண்டே கேட்டாள்.

"தெரியும் பாப்பா."

"என்னா தெரியும்?"

"அவன் கண்ணு இல்லன்னு. அன்னிக்கே தெரியும்."

அம்மா அரிசியை உலையில் போட்டு, ஒரு கிண்டு கிண்டிவிட்டுத்தான் மறுபடி பேசினாள்.

"ஒங்க சித்தப்பா அலைஞ்சி திரிஞ்சி போட்டாரு. எல்லாம் நல்லாருக்குதுன்னாங்க. அந்த நேரத்துல போயி இது எம்புள்ள கண்ணு இல்லன்னு சொன்னா அவுரு மனசு என்னா ஆவும். இருந்துட்டுப் போவுது. நம்பளப் பாத்துக்கினு இருக்குது இல்ல, யாருதா இருந்தா என்னா."

அந்த மனிதர் நன்றாக இருக்கிறாரா என்று கேட்டாள். நன்றாக இருக்கிறார், கொஞ்சம் இளைத்திருக்கிறார் என்றேன். நல்லா இருக்கட்டும் என்றாள். பிறகு, கடைக்காரர் கொடுத்த மூடிய கண் படம் எங்கே என்று கேட்டாள். பீரோமேல் உருட்டி வைத்திருந்ததை எடுத்துக் கொடுத்தேன். ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு வாங்கி, தரையில் விரித்து, நாலு மூலையிலும் நாலு டம்ளரை வைத்துப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சோறு பொங்கி வழிகிறவரை எழுந்திருக்கவில்லை.

பட்டறையில் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு பெண்கள் அட்டையை விரித்துக் கொஞ்சம் கண்ணயர்வார்கள். எனக்குப் பகலில் தூக்கம் வராது. அந்த நேரத்தில் பெட்டி அட்டையின் பின்பக்கத்தில் பென்சிலால் அவர்களை வரைய ஆரம்பித்தேன். ஏன் என்று கேட்டால் காரணம் இல்லை. மூடிய கண்ணைப் போட எனக்குத் தெரியாது; பதினைந்து வருடத்தில் ஒரு பொம்மைக்குக்கூட மூடிய கண் வைத்ததில்லை. அது மட்டும்தான்.

முதலில் ஒரு வளைந்த கோடு போட்டு முடித்துவிட்டேன். தப்பாக இருந்தது. மறுபடி பார்த்தேன். தூங்குகிறவர்களின் இமை சும்மா இருப்பதில்லை. உள்ளே விழி உருளும்போது இமைக்கு மேலே ஒரு மேடு ஊர்ந்து போகிறது. புருவம் தளர்ந்து கிடக்கிறது. கன்னம் தரைப்பக்கம் சரிகிறது. ஆஸ்பத்திரியில் தம்பிக்கு மேடு இருந்தது, ஊரவில்லை. இதை எழுதும்போதும் எனக்குக் கை நின்றுவிடவில்லை. பார்த்ததை எழுதுகிறேன்.

சேலை நிறம் பூசுகிற பக்கத்து இடத்துக்காரி ஒரு நாள் விழித்துக்கொண்டு அட்டையைப் பிடுங்கிப் பார்த்தாள். "செத்தவ மாதிரி போட்டுருக்கியா என்னய?" என்று கேட்டாள். கேட்டபிறகுதான் என்ன கேட்டோம் என்று உறைத்து, நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"இல்ல. தூங்கறவ மாதிரிதான் இருக்க" என்றேன். அவள் இன்னொரு தடவை பார்த்துவிட்டு, ஆமாம், வாய் திறந்திருக்குது என்றாள்.

ஒரு மாதம் போல அட்டை அட்டையாக வரைந்தேன். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, பகல் வெளிச்சத்தில், அந்த வண்டிப் படத்தை விரித்து வைத்துக்கொண்டு பார்த்தேன். அதுவரை அதை மூடிய கண் என்றே சொல்லிக்கொண்டிருந்தோம். அது தூங்குகிற கண் இல்லை. ஆஸ்பத்திரியில் பார்த்ததும் இல்லை. புருவம் இரண்டும் மேலே ஏறியிருந்தது. இமையின் ஓரத்தில் சிறு சுருக்கங்கள் இறுகி இருந்தன. கன்னத்தில் சிரிப்பு ஏறி, கீழ் இமையை மேலே தள்ளியிருந்தது. இமைக்கிறவன் கண். அடுத்த நொடி திறக்கப்போகிற கண். அதைத்தான் வெட்டி எடுத்துவிட்டு மாப்பிள்ளைக் கண்ணைப் பொருத்தினோம்.

அப்படியே வரைந்தேன். கண்ணைத் திறக்க முயற்சி செய்யவில்லை. புருவத்தை அது இருந்த உயரத்தில் வைத்தேன். சுருக்கங்களை எண்ணி வைத்தேன். இமையின்மேல் வெயில் பட்ட இடத்தை வெறும் தாளாக விட்டேன். மேல் இமை காதுப் பக்கம்தான் வளைந்திருந்தது. அது தெரிய எனக்கு இவ்வளவு நாள் ஆயிற்று. முடிக்க மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் ஆயின. அம்மா கூட்டிக்கொண்டே வந்து, துடைப்பத்தோடு என் பின்னால் நின்றாள்.

"ஃபோட்டோ எடுக்கறாங்கன்னா இப்டித்தான் பண்ணுவான்" என்றாள். மறுபடி கூட்டப் போய்விட்டாள்.

நான் எதிர்பார்த்த எதுவும் அப்போது எனக்கு நடக்கவில்லை. அழுகை வரவில்லை. பென்சில் தூளை ஊதிவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு வந்து சாப்பிட்டேன். அன்றைக்குக் கருவாட்டுக் குழம்பு.

வருஷ திதிக்குச் சித்தப்பா மறுபடி ஃபிளெக்ஸ் அடித்துக் கொண்டுவந்தார். அதே படம், அதே கண். இந்தத் தடவை பின்னணியில் வானத்துக்குப் பதில் அருவி. அம்மா நல்லா இருக்குது என்று அவரிடம் சொன்னாள். நானும் சொன்னேன். அவர் ஏணியில் ஏறிக் கட்டும்போது கீழே நின்று பிடித்துக்கொண்டேன். இடது பக்கம் கொஞ்சம் இறங்கியிருக்குது சித்தப்பா என்றேன். அவர் கயிற்றை அவிழ்த்து, ஏற்றிக் கட்டினார்.